தேக்கின் விலை

மரக்கடைக்குச் சென்று ஒரு கன அடித் தேக்கின் விலையை விசாரித்தவர்கள் சற்றே மலைத்துப் போவது வழக்கம். காட்டில் தானாக வளரும் மரத்துக்கு இத்தனை விலையா என்று என்னிடம் பலர் கேட்டதுண்டு. காட்டு மரத் தொழிலோடு நெடுங்காலம் பழகியவன் என்ற முறையில் அதற்கு இன்று விடை கூற முயல்கிறேன். கோவை மாவட்டத்து ஆனைமலையையே எடுத்துக்காட்டாகக் கொள்கிறேன்.

மரத்தை வீழ்த்துவது செலவில் மிகச் சிறு பகுதியே. மரம் எந்தப் பக்கம் சாய வேண்டுமோ அந்தப் பக்கத்தில் கோடரியால் அடியில் ஒரு வாய் வெட்டுவார்கள். பிறகு எதிர்ப்புறத்தில், அந்த வாய்க்குச் சற்று மேலாக, இருவர் இழுக்கும் இரம்பத்தால் அறுப்பார்கள். நடுவில் அறுக்காமல் விடப்படும் சிறு பகுதி கதவின் கீலைப் போல நின்று மரத்தை வழிநடத்தும். அதையும் அறுத்துவிட்டால் மரம் தன் விருப்பப்படி விழும். அருகில் நிற்பவன் உயிருக்கு உத்தரவாதம் இல்லை. குனியச் சோம்பி இடுப்பளவில் அறுத்தாலோ, மரத்தின் மிகப் பருத்த பகுதி அடிக்கட்டையாகக் காட்டிலேயே நின்றுவிடும்.

மரம் தரையில் விழுந்த பிறகுதான் உண்மையான செலவு தொடங்குகிறது. 6 அடிச் சுற்றளவும் 20 அடி நீளமும் உள்ள தேக்குத் துண்டு, நன்றாக உலர்ந்த பின்னும் சுமார் ஒரு டன் நிறுக்கும்; பச்சையாக இருந்தால் சுமை இன்னும் மிகுதி. பர்மாவில் இதற்கு ஓர் உபாயம் கண்டனர். பட்டையையும் வெளிறையும் வளையமாக வெட்டி, வைரம் தெரியும்படி செய்து, மரத்தை நின்ற நிலையிலேயே இரண்டு மூன்று ஆண்டுகள் உலரவிட்டார்கள். பச்சைத் தேக்கு ஆற்றில் மிதப்பதில்லை. உலர்ந்த தேக்கு மிதந்து செல்லும்.

ஆனைமலையில் யானைதான் துணை. துண்டின் ஒரு முனையில் துளையிட்டுச் சங்கிலி கோத்து யானை இழுக்கும். அதற்கு ஒரு பாகனும் ‘காவடி’ எனப்படும் உதவியாளும் வேண்டும். வெயில் ஏறும்முன் வேலை முடிந்தாக வேண்டும்; இரவில் காலில் சங்கிலியோடு காட்டில் மேயவிடுவார்கள். டிராக்டர் விரைவாக இழுக்குமே என்பார்கள். உண்மைதான். ஆனால் டிராக்டருக்குப் பாதை வெட்ட வேண்டும். அதன் பாரம் மண்ணை இறுக்கிவிடும். நாளைய மரமாகும் கன்றுகள் நசுங்கும். யானையோ மரங்களுக்கிடையே வளைந்து நெளிந்து சென்றுவிடும். கணக்குப் புத்தகத்தில் டிராக்டர் மலிவு. காட்டின் கணக்கில் யானையே மலிவு என்பது என் கருத்து.

அடுத்த மலையில், பரம்பிக்குளத்திலிருந்து சாலக்குடி வரை, கொச்சி அரசு ஏறத்தாழ 80 கிலோமீட்டருக்கு டிராம் பாதையே அமைத்தது. சரிவுகளில் மரம் ஏற்றிய வண்டிகள் கீழே இறங்கும் வேகமே வெறும் வண்டிகளை மேலே இழுத்தது! 1907-இல் தொடங்கிய அது 1963-இல் மூடப்பட்டது.

கிடங்கில் அளக்கும்போது இன்னொரு விந்தை உண்டு. சுற்றளவில் கால் பங்கை அதனாலேயே பெருக்கி, நீளத்தால் மறுபடி பெருக்குவது பழைய முறை. நாம் கூறிய துண்டுக்கு இது 45 கன அடி தரும். உருளைக் கணக்குப்படி அதில் உள்ள மரமோ 57 கன அடிக்கு மேல். உருண்டையைச் சதுரமாக அறுக்கும்போது கழியும் சிராய்க்கும் தூளுக்கும் இந்த வித்தியாசம் முன்கூட்டியே தள்ளப்படுகிறது. இதை அறியாதவர் வாங்கவும் கூடாது, விற்கவும் கூடாது.

இவையெல்லாம் உழைப்பின் செலவு. மரத்தின் செலவு எங்கே? 19-ஆம் நூற்றாண்டில் கப்பல் தளங்களுக்கும், பின்னர் இருப்புப் பாதைகளின் குறுக்குக் கட்டைகளுக்கும் ஆனைமலைத் தேக்கு போயிற்று. மலை உச்சியிலிருந்து மரங்களைச் சரிவில் தள்ளிவிட்ட இடத்துக்கு ‘டாப் ஸ்லிப்’ என்ற பெயர் இன்றும் நிலைத்திருக்கிறது. வெட்டுகூலியும் இழுகூலியும் எழுதப்பட்டன. நூறாண்டு நின்ற மரத்துக்கு வளர்ப்புக் கூலி எவரும் எழுதவில்லை. காடு அதைக் கேட்கவும் இல்லை.

நட்டு வளர்ப்பவனுக்குத்தான் அந்தக் கணக்குப் புரியும். ஒரு கன்றுக்கு இன்று ஒரு ரூபாய் செலவிட்டு, நூற்றுக்கு 5 வீதம் கூட்டுவட்டி போட்டுப் பாருங்கள். 60 ஆண்டில் அது 18 ரூபாய் 68 காசு ஆகிறது. அத்தனை கன்றும் பிழைப்பதில்லை. நெருக்கம் குறைக்க இடையிலேயே பலவற்றை வெட்டியாக வேண்டும். செத்தவற்றின் செலவையும் எஞ்சிய மரமே சுமக்கிறது. தீ, களை, காவல் எல்லாம் தனி.

இந்தக் கணக்கை உணர்ந்து செயற்பட்ட வன அதிகாரி ஹியூகோ வுட். 1910-களில் ஆனைமலைக்கு வந்த அவர், வெட்டுக்கு வரம்பு கட்டி, அடிக்கட்டையிலிருந்து துளிர் கிளம்ப வழி செய்து, வெறுமையான இடங்களில் தேக்கு நட்டார். அந்தத் தேக்கு விலைக்கு வரும்வரை தாம் இருக்கப்போவதில்லை என்பது அவருக்குத் தெரியாமலா இருக்கும்? 1933-இல் காலமான அவரை, டாப் ஸ்லிப்பை அடுத்த மௌண்ட் ஸ்டூவர்ட்டில் அவருடைய தேக்குகளுக்கு அருகிலேயே அடக்கம் செய்தார்கள். இப்போது அப்பகுதி புலிகள் காப்பகம். கோழிகமுத்தி முகாமில் யானைகள் இருக்கின்றன. ஆனால் கிடங்குக்கு மரம் இழுக்கும் வேலை அவற்றுக்கு இல்லை.