சதுரங்கத்தைத் தொழிலாகக் கொண்டோர்

சதுரங்கத்தைத் தொழிலாகக் கொண்ட ஒருவர், அந்த ஆட்டத்தில் வரும் வருவாயைக் கொண்டே குடும்பத்தையும் நடத்தி, அடுத்த போட்டிக்கான விமானச் சீட்டையும் வாங்க வேண்டியவர் என்பதால், அவருடைய வாழ்வை அவர் வென்ற கிண்ணங்களைக் கொண்டு மட்டும் அளந்துவிட முடியாது. அவரை உருவாக்கிய ஊரையும் அவருக்காகச் செலவழித்தவர்களையும் சேர்த்துப் பார்த்தால்தான் அந்தச் சாதனையின் முழு உருவம் புலப்படும். கொழும்பிலிருந்து சிறிது நேர விமானப் பயணத்தில் எட்டிவிடக்கூடிய சென்னை, உலகச் சம்பியன்கள் இருவரை வளர்த்தெடுத்த நகரமாக இருப்பது இதற்குச் சிறந்த சான்றாகும்.

அந்த வரலாறு, 1935இல் பர்மாவில் பிறந்து தமிழ்நாட்டில் வளர்ந்த மானுவல் ஆரோனிடமிருந்து தொடங்குகிறது. கிராண்ட் மாஸ்டர் என்னும் மிக உயர்ந்த பட்டத்துக்கு அடுத்தபடியில் உள்ள சர்வதேச மாஸ்டர் பட்டத்தை 1961இல் பெற்று, அதைப் பெற்ற முதல் இந்தியரான அவர், 1959இற்கும் 1981இற்கும் இடையில் ஒன்பது முறை இந்தியத் தேசியச் சம்பியனாகத் திகழ்ந்தார். எனினும் அவர் வென்ற பட்டங்களைக் காட்டிலும், 1972இல் சென்னையில் சோவியத் கலாசார நிலையத்தில் அவர் தொடங்கிய தால் சதுரங்கக் கழகமே பெரிய சாதனை என்று கொள்வதில் தவறில்லை. முன்னாள் உலகச் சம்பியன் மிகைல் தாலின் பெயரைத் தாங்கிய அக்கழகத்தில், சில நிமிடங்களுக்குள் முடிந்துவிடும் மின்னல் வேக ஆட்டங்களில் தோற்றவர் எழுந்து இடம்விட, வென்றவர் தொடர்ந்து ஆடுவார் என்பது வழக்கமாக இருந்தது. வயதோ பாடசாலையோ அங்கே கணக்கில் எடுக்கப்படவில்லை. நாற்காலியில் நீடிக்க வேண்டுமாயின், தன்னைவிட வலிமையான ஒருவரை வென்றே ஆகவேண்டும் என்ற நிலை சிறுவர்களுக்கு இருந்தது.

அந்த நாற்காலிக்காகப் போட்டியிட்ட சிறுவர்களுள் ஒருவரே, 1969இல் மயிலாடுதுறையில் பிறந்து, தாயிடம் ஆட்டத்தைக் கற்ற விஸ்வநாதன் ஆனந்த் ஆவார். 1987இல் உலக இளையோர் சம்பியனாகி, அடுத்த ஆண்டில் இந்தியாவின் முதல் கிராண்ட் மாஸ்டர் என்ற பெருமையையும் பெற்ற அவர், 2000ஆம் ஆண்டிலும், பின்னர் 2007 முதல் 2013 வரை தொடர்ச்சியாகவும் உலகச் சம்பியனாக விளங்கினார். ஆனால் உயர்மட்டப் போட்டிகளும் ஊதியம் வழங்கும் கழக அணிகளும் பெரும்பாலும் ஐரோப்பாவிலேயே இருந்தமையால், அவர் பல ஆண்டுகள் ஸ்பெயினில் குடியிருந்து ஆட நேர்ந்தது.

கிராண்ட் மாஸ்டர் பட்டத்தை அடைவது ஏன் செலவுமிக்கது என்பதும் இங்கு விளக்கத்துக்குரியது. எலோ புள்ளி எனப்படும், ஒருவருடைய ஆட்ட வலிமையைக் குறிக்கும் எண் 2500ஐத் தொடுவதோடு, வெளிநாட்டு வீரர்களும் கிராண்ட் மாஸ்டர்களும் பங்குபற்றும் போட்டிகளில் மூன்று முறை குறித்த உயர்தரத்தில் ஆடிக் காட்டவும் வேண்டும் என்பதால், பட்டத்துக்கான பாதை நாடு நாடாகச் செல்லும் பயணமாகவே அமைகிறது. ஆனந்துக்குப் பின் வந்த சென்னை ஆட்டக்காரர்களான பிரக்ஞானந்தாவும் அவருடைய அக்கா வைஷாலியும் உலகின் முதலாவது அக்கா-தம்பி கிராண்ட் மாஸ்டர்களாக உயர்ந்ததன் பின்னால், வங்கி உத்தியோகத்தரான தந்தையின் உழைப்பும், பிள்ளைகளோடு செல்லும்போது சோறு சமைக்கும் மின்பாத்திரத்தையும் சுமந்து சென்ற தாயின் உழைப்பும் உள்ளன. சென்னை வளர்த்த மற்றோர் உலகச் சம்பியனான குகேஷின் தந்தையோ, காது, மூக்கு, தொண்டைச் சத்திரசிகிச்சை நிபுணராக இருந்தும், மகனோடு பயணிப்பதற்காகத் தமது தொழிலையே நிறுத்திவைத்தார்.

அந்தக் குகேஷ் 2024 டிசெம்பர் 12ஆம் திகதி சிங்கப்பூரில் சீனாவின் டிங் லிரெனை வென்று, தமது 18ஆவது வயதில் உலகச் சம்பியனானார். இறுதியான 14ஆவது ஆட்டத்தில் இருவரிடமும் நேராகச் செல்லும் கோட்டையும், மூலைவாட்டில் செல்லும் மந்திரியும் ஒவ்வொன்று மிஞ்சியிருக்க, கறுப்புக் காய்களோடு ஆடிய குகேஷிடம் இரண்டு காலாட்களும் டிங்கிடம் ஒன்றும் நின்றன. சமநிலையை நோக்கிச் சென்ற அந்த ஆட்டத்தின் 55ஆவது நகர்வில், டிங் கோட்டைகளை மாற்றிக்கொள்ள முற்பட்டார். அப்போது அவருடைய மந்திரி பலகையின் மூலையில் அகப்பட்டிருந்ததால் மந்திரிகளையும் மாற்றிக்கொள்ளும் கட்டாயம் பிறந்தது. அரசர்களும் காலாட்களும் மட்டுமே மிஞ்சும் நிலையில் இரண்டுக்கு ஒன்று தாக்குப்பிடிக்காது என்பதால், 58ஆவது நகர்வோடு டிங் தோல்வியை ஏற்றார். எதிராளி எழுந்து சென்ற பின்னர், கண்ணீரோடு காய்களை மீண்டும் தொடக்க நிலைக்கு அடுக்கிய அந்த இளைஞரை உலகமே பார்த்தது.

அப்போட்டியின் பரிசுத்தொகை 25 இலட்சம் அமெரிக்க டொலர். ஒவ்வொரு வெற்றிக்கும் இரண்டு இலட்சம் டொலர் வழங்கி, எஞ்சியது சமமாகப் பகிரப்பட்டமையால், மூன்று ஆட்டங்களை வென்ற குகேஷுக்குப் பதின்மூன்றரை இலட்சம் டொலரும், இரண்டை வென்ற டிங்குக்குப் பதினொன்றரை இலட்சம் டொலரும் கிடைத்தன. இது இருவர் மட்டுமே எட்டக்கூடிய உச்சம். ஏனைய பலர் பயிற்றுவித்தும், இந்தியாவிலாயின் பொதுத்துறை நிறுவனங்களில் விளையாட்டு வீரர்களுக்கென ஒதுக்கப்பட்ட பணிகளில் அமர்ந்துமே வாழ்கின்றனர். பிரக்ஞானந்தாவைப் பயிற்றுவித்த கிராண்ட் மாஸ்டர் ஆர். பி. ரமேஷ், பயிற்சியையே முழுநேரத் தொழிலாக்கிக்கொண்டவர். இலங்கையில் பிறந்து அமெரிக்காவில் பயிற்றுவிப்பாளராகப் புகழ்பெற்ற சுனில் வீரமந்திரி, தம் மனைவியின் மகனான ஹிகாரு நகமுராவைச் சிறுவயதிலேயே பயிற்றுவித்தவர். நகமுரா ஐந்து முறை அமெரிக்கச் சம்பியனானதோடு, இணையவழி நேரலைகள் மூலமும் பெரும் வருவாய் ஈட்டிவருகிறார்.

இலங்கையில் பிறந்தவருக்கும் இத்துறை எட்டாதது அன்று என்பதை வீரமந்திரியின் வாழ்வே காட்டுகிறது. ஆயினும் சாதாரண தரப் பரீட்சை நெருங்கும் பதினைந்து, பதினாறு வயதில், நுகேகொடையின் பிரத்தியேக வகுப்புகளுக்கு விரையும் பிள்ளைகள் சதுரங்கப் பலகையை ஒதுக்கிவைக்கும் வழக்கம் உள்ளது. சதுரங்கத்தில் வளர்ச்சி மிகுந்த ஆண்டுகளும் அவையே. ஆகவே வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் நுகேகொடையிலும் மண்டபங்களையும் வாசிகசாலைகளையும் நடத்துவோர், வாரத்தில் ஒரு மாலையேனும் ஓர் அறையைத் திறந்துவிட்டு, பாடசாலைப் பிள்ளைகள் வயதில் மூத்த வலிமையான ஆட்டக்காரரோடு கட்டணமின்றி ஆட வழிசெய்ய வேண்டும்; ஆட்டம் தெரிந்த பெரியவர்கள் அங்கு வந்து அமர வேண்டும்.