தண்டவாளத் தோழர்களும் பதினான்கு நாள் நோட்டீசும்
(இராஜபாளையம் தொழிலாளர் கூட்டத்தில் ஆற்றிய உரை)



விருதுநகரிலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர், இராஜபாளையம் வழியாகத் தென்காசிக்கு ரயில் ஓடத் தொடங்கியது 1927-இல். மறு ஆண்டே தென்னிந்திய ரயில்வேயில் வேலைநிறுத்தம் வெடித்தது.

காரணம் என்ன? நாகப்பட்டினம், போத்தனூர் பட்டறைகளை மூடி, எல்லாவற்றையும் திருச்சி பொன்மலைக்குக் கொண்டுபோகக் கம்பெனி திட்டமிட்டது. புது யந்திரங்கள் வந்தன. மூவாயிரம் பேருக்கு மேல் வெளியேற்ற முடிவாயிற்று. யாரை வெளியேற்றுவது? இருபது வருஷம் சம்மட்டி பிடித்தவனுக்கும் 'திறமைப் பரீட்சை'! யந்திரத்தால் வந்த லாபம் சீமைப் பங்குதாரனுக்கு. நஷ்டம் தொழிலாளியின் அடுப்புக்கு. நூற்பாலைத் தோழர்களுக்கு இந்தக் கணக்கை நாம் விளக்க வேண்டியதில்லை.

1928 ஜூலை 20-இல் வண்டிகள் நின்றன. சிங்காரவேலரும் முகுந்தலால் சர்க்காரும் முன்னின்றார்கள். சிங்காரவேலருக்கு அப்போது 68 வயது. அந்தக் கிழவரையும் சதி வழக்கில் மாட்டிப் பத்தாண்டு தண்டனை விதித்தார்கள், அப்பீலில்தான் குறைந்தது. ஜூலை 30-இல் போராட்டம் முடிந்தது. தோல்விதான், மறைத்துப் பேசிப் பயனில்லை.

ஆனால் அந்நிய ஆட்சி பயந்துவிட்டது. அந்தக் காலத்து வேலைநிறுத்தங்களுக்குப் பதிலாக 1929-இல் தொழில் தகராறுச் சட்டம் கொண்டுவந்தது. ரயில் போன்ற பொதுச் சேவைகளில் 14 நாள் நோட்டீஸ் இல்லாமல் வேலையை நிறுத்தினால் குற்றம்!

பொன்மலை அடங்கியதா? 1946 செப்டம்பர் 5-இல் அங்கே ஐந்து தோழர்கள் குண்டுக்குப் பலியானார்கள். 1974 மே 8-இல் இந்தியா முழுவதும் ஏறத்தாழ 17 லட்சம் ரயில்வே ஊழியர்கள் இறங்கினார்கள். இருபது நாளில் அதையும் உடைத்தார்கள். ஆயினும் அன்று மறுத்த போனஸை 1979-இல் கொடுக்க நேர்ந்தது.

இன்றைய சங்கதிக்கு வருவோம். ரயில் போன்ற பொதுச் சேவைகளுக்குப் போட்ட அந்த 14 நாள் பூட்டை, 2020-இல் நிறைவேறிய தொழிலுறவுத் தொகுப்பு சாதாரண மில்லுக்கும் போடுகிறது. சமரசப் பேச்சு நடக்கும் காலத்திலும் தடை.

ஸ்ரீவில்லிபுத்தூர் விவசாயத் தோழர்களே, இந்தத் தந்திரம் உங்களுக்குத்தான் சட்டென்று புரியும். கூலி உயர்வை நாம் எப்போது கேட்கிறோம்? நாற்று முற்றி, நடவுக்கு ஆள் தேடும்போது. 'பதினான்கு நாள் கழித்துக் கேள்' என்றால், நடவே முடிந்திருக்கும். மில்லிலும் அதே கதைதான்: அந்தப் பதினான்கு நாளில் நூல் மூட்டைகள் லாரி ஏறிவிடும், வெளியூர் ஆட்கள் விடுதிக்கு வந்து இறங்கிவிடுவார்கள்.