கேளாமல் நீக்குவது நீதியாகாது
(ஒப்பந்த ஊழியர் கூட்டமொன்றில் ஆற்றப்பட்ட உரை)



“நீ வேலைக்கு வரவில்லை, ஆகவே வேலையை நீயே விட்டுவிட்டாய்” என்று ஒரு வரி எழுதி, ஒப்பந்த ஊழியன் ஒருவனை வீட்டுக்கு அனுப்பிவிடலாமா? இதுவே இன்று நான் பேச எடுத்துக்கொண்ட பொருள். பிள்ளையொன்றின் மாதச் சம்பளத்தை நம்பி விதைநெல்லுக்கும் உரத்துக்கும் கடன்பட்ட குடும்பங்கள் நம்மிடையே உண்டு. அந்தச் சம்பளம் நின்ற அன்றே அவ்வீட்டின் அடுப்பும் தணிந்துவிடும். ஆதலால் இதைச் சட்டத்தரணிகள் மட்டும் பேசவேண்டிய விடயமென்று ஒதுக்கிவிடாதீர்கள்.

வவுனியாவில் ஓர் ஆலையிலே ஓராண்டு ஒப்பந்தத்தில் பணிபுரியும் இளைஞன் ஒருவனை எண்ணிப் பாருங்கள். முல்லைத்தீவிலுள்ள அவன் தந்தை திடீரென நோயுறுகிறார். அவன் ஓடுகிறான், ஆஸ்பத்திரியில் பத்து நாட்கள் தந்தையின் அருகில் இருக்கிறான். பின்னர் ஆலைக்குத் திரும்பினால், பெயர் வெட்டப்பட்டுவிட்டது என்று வாயிற் காவலர் தடுக்கிறார். அவன் அறிவித்திருக்க வேண்டும், அறிவியாதது தவறே. ஆனால் அவன் வேலையை விட்டுவிட்டானா? விட்டவன் வாயிலில் வந்து நிற்பானா?

பதவி வறிதாக்கல் என்று சட்டமொழியில் கூறப்படும் இந்நிலையை நிலைநாட்ட இரண்டு வேண்டுமென்பது இலங்கை நீதிமன்றங்கள் ஏற்றுக்கொண்ட நெறி. ஒன்று, ஊழியன் வேலைத்தலத்துக்கு வாராமை. மற்றது, இனித் திரும்புவதில்லை என்ற எண்ணம். முதலாவதை வரவுப் பதிவேடு காட்டும். இரண்டாவதை எந்தப் பதிவேடு காட்டும்? அவனைக் கேட்டே அறிய வேண்டும். திரும்பி வருமாறு பலமுறை அழைத்தும் வாளாவிருந்தான் என்றால், அவன் எண்ணம் அதுவே என ஊகிக்கலாம். ஒருமுறையேனும் அழையாதவர் அவ்வாறு ஊகிப்பது எங்ஙனம்?

“இவன் நிரந்தர ஊழியனல்லனே; ஒப்பந்தக்காரனுக்கு ஏது உரிமை?” என்பர் சிலர். 1950ஆம் ஆண்டின் 43ஆம் இலக்கக் கைத்தொழிற் பிணக்குகள் சட்டத்தைப் புரட்டிப் பார்க்கட்டும். ஒப்பந்தம் எழுத்திலாயினும் வாய்மொழியிலாயினும், எத்தகுதியிலாயினும், அதன்கீழ் ஒரு தொழில்தருநரிடம் வேலை செய்பவன் தொழிலாளியே என்று அச்சட்டம் பொருள் வரைகிறது. 1957ஆம் ஆண்டின் திருத்தம் தொழில் நியாய சபைகளை அமைத்தது. சேவை ஒப்பந்தத்தில் மாறாக எது எழுதப்பட்டிருப்பினும், அச்சபை நீதியும் நியாயமுமான பரிகாரத்தை வழங்கலாம். 1971ஆம் ஆண்டின் 45ஆம் இலக்கச் சட்டம், பதினைந்து பேர் அல்லது அதற்கு மேற்பட்டோர் வேலை செய்யும் இடங்களில், ஒழுக்காற்று நடவடிக்கையாக ஒருவரை நீக்கினால், நீக்கிய நாளுக்குப் பின்வரும் இரண்டாவது வேலைநாள் முடியுமுன் காரணத்தை எழுத்தில் அறிவிக்கவேண்டும் என்கிறது. அரசே தொழில்தருநராயின் வழி வேறு. அங்கே தொழில் நியாய சபைக்கு அதிகாரமில்லை.

அண்டை நாட்டிலும் இக்கேள்வி எழுந்தது. எட்டு நாட்களுக்கு மேல் அனுமதியின்றி வராதவன் வேலையைத் தானாகவே இழப்பான் என்ற நிலையியற் கட்டளையைக் காட்டி, 1980ஆம் ஆண்டில் ஒரு கம்பனி தொழிலாளி ஒருவரை நீக்கியது. தாம் வேலைக்கு வந்ததாகவும், வாயிலில் தடுக்கப்பட்டதாகவும் அவர் கூறினார். 1993ஆம் ஆண்டு இந்திய உச்ச நீதிமன்றம், விளக்கமளிக்க வாய்ப்பளிக்காமல் ஒருவரின் பிழைப்பைப் பறிப்பது இயற்கை நீதிக்கு முரண் என்று தீர்ப்பளித்து, அவரைப் பாதி நிலுவைச் சம்பளத்துடன் மீண்டும் வேலையில் அமர்த்தப் பணித்தது. அக்கட்டளையில் எட்டு நாட்கள் என்று தெளிவாகவே எழுதப்பட்டிருந்தது. எனினும் எழுதப்பட்ட விதி, கேட்கும் கடமையைப் போக்கிவிடவில்லை.

அப்படியாயின் நேர்மையான நடைமுறை யாது? பெரிய செலவோ வித்தையோ தேவையில்லை. ஊழியன் வாராதபோது, அவன் தந்த முகவரிக்குப் பதிவுத் தபாலில், அவன் வாசிக்கக்கூடிய மொழியில் கடிதம் அனுப்புக. எந்த நாட்கள் வரவில்லை, எந்த நாளுக்குள் வந்து விளக்கமளிக்கவேண்டும், அளியாவிடின் என்ன நிகழும் என்பவற்றை அதில் எழுதுக. தமிழ் மட்டுமே அறிந்தவனுக்குப் புரியாத மொழியில் வந்த கடிதம், பெயரளவில் அறிவித்தலே ஒழிய, உண்மையில் அறிவித்தலாகாது. அவன் விளக்கத்தையும் வைத்தியச் சான்றிதழையும் திறந்த மனத்துடன் ஆராய்க. குற்றஞ்சாட்டியவரே தீர்ப்பாளராகவும் அமரலாகாது. தவறு மெய்யாயினும், பத்து நாள் தவறுக்கு எச்சரிக்கை போதுமா, நீக்கம் வேண்டுமா என்று அளந்து பார்க்க. பின்னர் முடிவைக் காரணத்துடன் எழுத்தில் தருக.

ஊழியத் தோழர்களே, உங்களுக்கும் கடமையுண்டு. வரமுடியாத அன்றே அறிவியுங்கள். அறிவித்ததற்குச் சான்று வைத்திருங்கள். ஒப்பந்தப் பிரதி, சம்பளச் சீட்டு, ஆஸ்பத்திரித் துண்டு ஆகியவற்றைப் பத்திரப்படுத்துங்கள். அழைப்புக் கடிதம் வந்தால் பதில் எழுதுங்கள். தொழில் நியாய சபைக்குச் சட்டம் குறித்த காலத்துக்குள் விண்ணப்பிக்க வேண்டும். “பார்ப்போம், பார்ப்போம்” என்று காலங்கடத்தினால் நல்ல வழக்கும் கெட்டுப்போகும்.

கமக்காரப் பெருமக்களே! அறுவடை நாளில் ஆள் வராதபோது எழும் கோபத்தை நீங்களும் அறிவீர்கள். தொழில்தருநரின் நட்டத்தையும் நான் மறுக்கவில்லை. நெல் களத்தில் கிடக்க, இயந்திரம் சும்மா நிற்க, வேறு ஆள் தேடுவது அவருடைய உரிமை. வராதவனை விசாரித்து நீக்குவதும் அவருடைய உரிமையே. விசாரியாமல் நீக்குவதற்குத்தான் உரிமையில்லை.

ஒரு சிலம்பின் பொருட்டுக் கோவலனைக் கேளாமல் கொல்வித்த பாண்டியன், உண்மை அறிந்தவுடன் உயிர் துறந்தான் என்று நம் காப்பியம் கூறுகிறது. அரசனுக்கே இல்லாத அந்த அதிகாரத்தை ஒரு முகாமையாளரின் பேனாவுக்கு நாம் கொடுக்கலாமா? அடுத்த முறை உங்கள் ஊரில் ஒருவர் இவ்வாறு நீக்கப்பட்டால், முதலில் ஒன்றைக் கேளுங்கள்: “அவரை யாராவது விசாரித்தார்களா?” அக்கேள்விக்கு விடை கிடைக்கும்வரை ஓயாதிருங்கள்.