கொட்டகையிலிருந்து ஸ்டுடியோவுக்கு: ரகுபதி வெங்கய்யாவின் வழி

தென்னிந்திய மௌனப்படக் காலத்தை ஆராயும் இக்கருத்தரங்கில் கட்டுரைகள் பல காத்திருக்கின்றன. ஆகவே ஒரே ஒரு மனிதரை முன்வைத்து, ஒரே ஒரு கருத்தைச் சொல்லி அமைகிறேன்.

அந்த மனிதர் ரகுபதி வெங்கய்யா. தெலுங்குத் திரையுலகம் அவரைத் தன் தந்தையாகக் கொண்டாடுகிறது. ஆந்திர அரசு 1980 முதல் அவர் பெயரில் விருது வழங்கியது. 1869இல் மசூலிப்பட்டினத்தில் பிறந்தவர். ஆனால் அவர் தொழில் நடத்தியது, அரங்கு கட்டியது, ஸ்டுடியோ வைத்தது எல்லாம் சென்னையில். தெலுங்கு வரலாற்றில் முதல் பக்கம் பெற்றவருக்குத் தமிழ் வரலாற்று நூல்களில் சில பத்திகளே கிடைக்கின்றன. படங்களை மொழிவாரியாகப் பிரித்து அடுக்கும் நம் பழக்கம் இதற்கு ஒரு காரணம். தயாரித்த படங்களை மட்டும் எண்ணிப் பார்த்து, அவற்றைக் காட்டியவர்களை விட்டுவிடுவது இன்னொரு காரணம். இந்த இரண்டாவது காரணத்தைத்தான் நான் முதன்மையாகக் கருதுகிறேன்.

வெங்கய்யா அடிப்படையில் புகைப்படக்காரர். 1910ஐ ஒட்டி க்ரோனோமெகாஃபோன் என்ற கருவியை வாங்கினார். படம் ஓடும்போதே இசைத்தட்டும் சேர்ந்து ஒலிக்கும்படி அமைந்த கருவி அது. இதற்காகத் தம் ஸ்டுடியோவை அடகு வைத்தார் என்றும், விலை 30,000 ரூபாய் என்றும் சொல்வார்கள். விக்டோரியா பப்ளிக் ஹாலில் சின்னஞ்சிறு படங்களைக் காட்டத் தொடங்கியவர், பிறகு கருவியைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போனார். பர்மாவுக்கும் இலங்கைக்கும் சென்றார்.

திரும்பி வந்ததும் மவுண்ட் ரோடு அருகே கெயிட்டி அரங்கைக் கட்டினார். சென்னையில் இந்தியர் ஒருவர் சொந்தமாகக் கட்டிய முதல் சினிமா அரங்கு அதுவே. தங்கசாலைத் தெருவில் கிரவுன், புரசைவாக்கத்தில் குளோப் என அடுத்தடுத்து எழுந்தன. குளோப்தான் பின்னாளில் ராக்ஸி ஆயிற்று. அமெரிக்கத் தொடர்படங்கள் இவ்வரங்குகளில் ஓடின. எந்தக் காட்சிக்கு வாரம் தவறாமல் கூட்டம் வரும், எதற்கு எழுந்து போகும் என்பதை வெங்கய்யா கொட்டகைக்குள் நின்றே கற்றிருப்பார்.

நம் ஊர்க் கதையை நாமே படமாக்க வேண்டும் என்ற முடிவு இதற்குப் பிறகே வருகிறது. மகன் ரகுபதி பிரகாஷை லண்டனுக்கு அனுப்பித் தொழில் பயிலச் செய்தார். பிரகாஷ் திரும்பியதும் ‘ஸ்டார் ஆஃப் தி ஈஸ்ட்’ என்ற நிறுவனம் பிறந்தது. வெயில் வெளிச்சத்திலேயே படம்பிடிக்கக் கண்ணாடி ஸ்டுடியோ அமைந்தது. 1921இல் ‘பீஷ்ம பிரதிக்ஞை’. பிரகாஷே பீஷ்மராக நடித்தார். கங்கையாக நடித்தவர் பெக்கி காஸ்டெல்லோ. வெங்கய்யாவின் வழி இதுதான்: முதலில் கருவி, அடுத்து அரங்கு, அதன்பின் பயிற்சி, கடைசியில் படம். சென்னையில் அவருக்குச் சில ஆண்டுகள் முன்னரே ‘கீசக வதம்’ எடுத்த நடராஜ முதலியார் நேரே படப்பிடிப்பில் இறங்கியவர். வெங்கய்யாவோ பார்வையாளர் பக்கமிருந்து படிப்படியாகக் கேமராவை நோக்கி நடந்தார்.

அந்த நிறுவனம் நிலைக்கவில்லை. அரங்குகளும் பிறர் கைக்குப் போயின. 1941இல் வெங்கய்யா மறைந்தார். ஆனால் அங்கே பயின்ற கைகள் ஓயவில்லை. பிரகாஷிடம் உதவியாளராக இருந்த சி. புல்லய்யா, 1934இல் தெலுங்கில் ‘லவகுசா’ தந்தார். பிரகாஷின் மௌனப்படங்களில் நடித்த ஒய்.வி. ராவ், 1937இல் எம்.கே. தியாகராஜ பாகவதரை வைத்து ‘சிந்தாமணி’ எடுத்தார். பிரகாஷே 1938இல் தமிழில் ‘அநாதைப் பெண்’ இயக்கினார். ஒரே பட்டறை இரு மொழிகளுக்கும் ஆள் தந்திருக்கிறது. மௌனப்படத்தில் வசன அட்டைதான் மொழி. அதைப் பல மொழிகளில் எழுதிச் சேர்ப்பது அன்றைய வழக்கம். ஆகவே வெங்கய்யாவைத் தமிழா, தெலுங்கா என்று பங்கு போடும் வாதத்தில் நமக்கு நேரம் வேண்டாம்.

ஆய்வாளர்களிடம் என் வேண்டுகோள் இது. அக்காலத் தென்னிந்தியப் படச்சுருள்கள் அநேகமாக எல்லாம் அழிந்துவிட்டன. தப்பிய ‘மார்த்தாண்ட வர்மா’ போன்றவை மிக அரிது. எனவே படத்தைப் பார்த்து எழுதும் விமரிசனமுறை இங்கே கைகொடுக்காது. அரங்க உரிமங்கள், நாளிதழ் விளம்பரங்கள், கடன் பத்திரங்கள், வழக்கேடுகள் ஆகியவற்றைத் தேடுங்கள். டி. ரங்காச்சாரியார் தலைமையில் 1927–28இல் இயங்கிய திரைப்பட விசாரணைக் குழுவின் சாட்சியத் தொகுதிகளைப் புரட்டுங்கள்; சென்னைத் தொழிலின் வரவுசெலவு அங்கே பேசப்படுகிறது. மூன்று அரங்குகளை வைத்திருந்தவரால் ஏன் ஒரு ஸ்டுடியோவைத் தாங்க முடியவில்லை? இக்கேள்விக்கு விடை கண்டால், தென்னிந்தியத் தயாரிப்பாளர் பலர் அடுத்தடுத்து விழுந்ததற்கும் விளக்கம் கிடைக்கும்.

இளம் ஆய்வாளர்களின் கட்டுரைகளை ஆவலுடன் எதிர்நோக்கி, இக்கருத்தரங்கைத் தொடங்கி வைக்கிறேன்.