மலைநாட்டிலிருந்து வந்த சாலைக்காரர்



இன்று நான் பேசப்போகிற மனிதரின் பெயரை உங்களில் பலர் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள். ராண்டால்ஃப் கோலியர். கலிபோர்னியா மாநில மேலவையில், அங்கே செனட் என்பார்கள், 38 ஆண்டுகள் உட்கார்ந்திருந்தவர். ஊர் வைரீகா. ஆரகன் மாநில எல்லையை ஒட்டிய சிஸ்கியூ கவுன்ட்டியின் தலைநகரம் அது. கவுன்ட்டி என்பது ஏறத்தாழ நம் மாவட்டம். மலையும் மரமும் சுரங்கமும் உண்டு, ஆட்கள்தான் குறைவு. 1960இல்கூட அங்கே 33,000 பேர்தான்.

அந்த ஊர்க்காரர்களின் கோபத்தைச் சொல்லாமல் கோலியரைச் சொல்ல முடியாது. 1941 நவம்பரில் வைரீகாவுக்கு அருகே 99ஆம் எண் நெடுஞ்சாலையில் துப்பாக்கியோடு சிலர் நின்று வண்டிகளை மறித்து, துண்டறிக்கை கொடுத்தார்கள். ‘ஜெஃபர்சன் என்ற தனி மாநிலம் அமைக்கிறோம், ஒவ்வொரு வியாழக்கிழமையும் பிரிந்துபோவோம்’ என்பது அதன் சாரம். வேடிக்கை பாதி, வயிற்றெரிச்சல் பாதி. மலையில் செம்பு கிடந்தது. அதை ஏற்றிவரச் சாலை இல்லை. டிசம்பர் 4இல் ஒரு நீதிபதியை ஆளுநராக்கி விழாவும் எடுத்தார்கள். மூன்றாம் நாள் பேர்ல் ஹார்பரில் குண்டு விழுந்தது. ஜெஃபர்சனை மூட்டை கட்டிவிட்டுப் போர் வேலையைப் பார்க்கப் போனார்கள்.

அந்த ஆண்டில் கோலியர் செனட்டுக்குப் போய் மூன்றாவது ஆண்டு. போர் முடிந்த கையோடு சாலைகளை ஆராயும் கூட்டுக் குழுவுக்குத் தலைவரானார். 1947இல் ஆளுநர் எர்ல் வாரன் சாலைக்கென்றே சிறப்புக் கூட்டம் கூட்ட, கோலியர்-பர்ன்ஸ் சட்டம் பிறந்தது. காலனுக்கு 3 சென்ட்டாக இருந்த பெட்ரோல் வரி 4.5 சென்ட் ஆயிற்று. அதைத் தடுக்க எண்ணெய்க் கம்பெனிகள் முட்டி மோதிப் பார்த்தன. வரிப்பணம் சாலையைத் தவிர வேறெதற்கும் போகக்கூடாது என்று 1938லேயே அரசமைப்பில் பூட்டுப் போட்டாயிற்று. சட்டத்தில் பெயர் சேர்ந்த இன்னொருவர் மைக்கேல் பர்ன்ஸ். அவரும் வடகோடி யுரீக்கா ஊர்க்காரர். லாஸ் ஏஞ்சலஸ்காரன் இன்று ஓட்டிப்போகும் அகன்ற விரைவுச் சாலைகளுக்குக் காசு கண்டவர்கள் இரண்டு வடகோடிக்காரர்கள்.

இது எப்படிச் சாத்தியமாயிற்று? இங்கேதான் கொஞ்சம் நிற்க வேண்டும். 1926இல் கலிபோர்னியா ஓர் ஏற்பாடு செய்துகொண்டது. எந்தக் கவுன்ட்டிக்கும் ஒரு செனட்டருக்கு மேல் கிடையாது. சிறிய கவுன்ட்டிகளை அதிகபட்சம் மூன்று மூன்றாகச் சேர்க்கலாம். 1960 கணக்கில் லாஸ் ஏஞ்சலஸ் கவுன்ட்டியில் 60 லட்சம் பேர், ஒரே செனட்டர். சியரா மலைப்பக்கம் மூன்று கவுன்ட்டிகளில் மொத்தம் 14,294 பேர், அவர்களுக்கும் ஒரு செனட்டர். மாநில மக்களில் நூற்றுக்கு 38 பேர் வாழ்ந்த இடத்துக்கு 40 இருக்கைகளில் ஒன்று. ஆகவே நகரத்துக்குச் சாலை வேண்டுமானால் கிராமத்துச் செனட்டரின் வாசலில் நிற்க வேண்டும். போக்குவரத்துக் குழுவின் தலைமையை ஆண்டுக்கணக்கில் கையில் வைத்திருந்த கோலியரின் வாசல் அது. ‘சிஸ்கியூவின் வெள்ளி நரி’ என்று அவருக்குப் பெயர். தலைமுடிக்கு மட்டும் வைத்த பெயராக எனக்குத் தோன்றவில்லை.

அந்த ஏற்பாடு அநியாயம். அதில் எனக்கு இரண்டாம் கருத்து இல்லை. ஆனால் அநியாயமாகக் கிடைத்த அதிகாரத்தை அவர் தன் ஊருக்குள்ளேயே பூட்டிவைக்கவில்லை என்பதும் உண்மை. அவருடைய பிழை வேறு இடத்தில் இருக்கிறது. 1959இல் 12,400 மைல் விரைவுச் சாலைத் திட்டம் சட்டமானது. அதே ஆண்டு சான் ஃபிரான்சிஸ்கோ நகரமன்றம் தன் எல்லைக்குள் போடவிருந்த பல விரைவுச் சாலைகளை வேண்டாம் என்று தள்ளியது. வீடும் கடற்கரைக் காட்சியும் போகிறதே என்ற அந்தக் கூக்குரல், சாலையே இல்லாத ஊரில் வளர்ந்த காதுக்கு எட்டவில்லை. பெட்ரோல் வரியை ரயிலுக்கும் தரலாம் என்றவர்களை அவர் எதிர்த்துக்கொண்டே இருந்தார். 1974இல் வாக்காளர்கள் அந்தப் பூட்டைத் திறந்துவிட்டார்கள்.

கவுன்ட்டிக்கு ஒரு செனட்டர் என்ற அந்த ஏற்பாட்டை முறித்தவர் யார் என்பதுதான் இந்தக் கதையில் எனக்கு மிகவும் பிடித்த இடம். 1948இல் அதை மாற்றும் முயற்சி வந்தபோது எதிர்த்து நின்றவர் ஆளுநர் வாரன். கோலியரின் சட்டத்தில் கையெழுத்திட்ட அதே வாரன். 1964இல் அமெரிக்க உச்ச நீதிமன்றத் தலைமை நீதிபதியாக, மாநில அவைகள் இரண்டும் மக்கள்தொகைக் கணக்கிலேயே அமைய வேண்டும் என்று தீர்ப்பு எழுதியவரும் அவரே. ரெனால்ட்ஸ் எதிர் சிம்ஸ் என்ற அலபாமா வழக்கு அது. 1966இல் கலிபோர்னியா செனட் புதிய எல்லைகளோடு தேர்தலைச் சந்தித்தது. கிராமத்துப் பெருந்தலைகள் பல உருண்டன. கோலியர் உருளவில்லை. 1959லேயே குடியரசுக் கட்சியை விட்டு ஜனநாயகக் கட்சிக்கு மாறியிருந்தார். தொகுதி பெருத்த பிறகும் பத்தாண்டு தாக்குப்பிடித்தார். 1976இல் தோற்றார். 1983இல் காலமானார்.

199ஆம் எண் சாலையில் ஆரகன் எல்லைக்கருகே மலையைக் குடைந்த சுரங்கப்பாதைக்கு அவர் பெயர். வைரீகாவுக்கு வடக்கே ஐந்தாம் எண் விரைவுச் சாலையின் இளைப்பாறும் இடத்துக்கும் அவர் பெயரே. சாலை வந்துவிட்டது. 2013 செப்டம்பரில், வைரீகாவில் கூடிய சிஸ்கியூ கவுன்ட்டி மன்றம் கலிபோர்னியாவிலிருந்து பிரிவதை ஆதரித்து 4க்கு 1 என வாக்களித்தது. இம்முறை அவர்கள் சொன்ன குறைகளில் முதன்மையானது, மாநிலத் தலைநகரில் தங்களுக்குக் குரல் இல்லை என்பது.