ஒரு சொல்லிலிருந்து முளைத்த வெள்ளி

(குறுவள மையக் கூட்டம் ஒன்றில் ஆசிரியர்களிடையே பேசியதன் எழுத்து வடிவம்)



மாணவர்களின் படைப்பெழுத்து பற்றிப் பேசச் சொன்னார்கள். நான் ஒரு நட்சத்திரத்தைப் பற்றிப் பேசலாம் என்று வந்திருக்கிறேன். அது ஒரு கதைக்குள் இருக்கிற நட்சத்திரம்.

'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' படத்தை உங்களில் சிலர் பார்த்திருப்பீர்கள். பார்க்காதவர்கள் உங்கள் வகுப்புப் பிள்ளைகளைக் கேளுங்கள், இரண்டு பேராவது பார்த்திருப்பார்கள். அதில் ஒரு சின்னக் கண்ணாடிக் குப்பி வரும். இருண்ட குகையில் பெரிய சிலந்தி நெருங்கும்போது ஃபிரோடோ அதைத் தூக்கிப் பிடிப்பான், ஒளி பாயும். எயாரெண்டில் என்ற நட்சத்திரத்தின் ஒளி அது. நட்சத்திர ஒளி படிந்த ஊற்றுத் தண்ணீரைக் குப்பியில் பிடித்து ஓர் அரசி அவனுக்குக் கொடுத்திருப்பாள். படம் இதை ஒரு வரியில் சொல்லிவிட்டுப் போய்விடும். அந்த ஒரு வரிக்குப் பின்னால் ஒரு பெரிய கதை இருக்கிறது.

எயாரெண்டில் ஒரு கடலோடி. அவனுடைய மக்கள் ஒரு கொடியவனால் அழிந்துகொண்டிருக்கிறார்கள். மேற்கே கடலுக்கு அப்பால் தெய்வங்கள் வாழும் நாடு இருக்கிறது. அங்கே போய் உதவி கேட்க வேண்டும், ஆனால் வழி அடைபட்டுக் கிடக்கிறது. அவன் மனைவி எல்விங்கிடம் சில்மரில் என்ற ஒளிமணி இருக்கிறது. பகைவர்கள் அதைப் பறிக்க வரும்போது அவள் மணியோடு கடலில் குதிக்கிறாள். வெள்ளைப் பறவையாகிக் கணவனின் கப்பலை வந்தடைகிறாள். அந்த மணியின் ஒளி வழி திறக்க, இருவரும் கரை சேர்கிறார்கள். கேட்ட உதவி கிடைக்கிறது. ஆனால், அவன் ஊர் திரும்பக்கூடாது என்பது விதி. நெற்றியில் மணியோடு, தன் கப்பலிலேயே அவன் வானத்தில் ஏறிப் பயணம் போகிறான். கீழே இருந்தவர்கள் முதன்முதலில் அந்த ஒளியைக் கண்டபோது அதை நம்பிக்கையின் அடையாளமாக எடுத்துக்கொண்டார்கள்.

அறிவியல் ஆசிரியர்களுக்கு இங்கே ஒரு செய்தி. இந்த நட்சத்திரம் விடியலிலும் அந்தியிலும்தான் தெரியும். வேறு எது அப்படி? நம் வெள்ளிதான். அது சூரியனிடமிருந்து ஏறத்தாழ 47 பாகைக்கு மேல் விலகாது, அதனால்தான் நம் ஊரில் நடுநிசியில் அதைப் பார்க்க முடிவதில்லை. கதையை எழுதிய டோல்கீன் கப்பலையும் மணியையும் கற்பனையாக வைத்தார். வானத்தின் நடப்பை மட்டும் அப்படியே வைத்துக்கொண்டார். ஆறாம் வகுப்பில் கோள்களை நடத்தும்போது இந்தக் கதையைச் சொல்லிவிட்டு, "இது எந்தக் கோள்?" என்று கேட்டுப் பாருங்கள்.

நான் சொல்ல வந்தது இந்தக் கதை எப்படித் தொடங்கியது என்பதைத்தான்.

டோல்கீன் ஆக்ஸ்போர்டில் பழைய ஆங்கிலம் படித்த மாணவர். ஆயிரம் ஆண்டுப் பழமையான ஒரு கையெழுத்துச் சுவடியில் உள்ள சமயப் பாடலைப் படிக்கும்போது 'எயாரெண்டல்' என்ற சொல் கண்ணில் பட்டது. பேரொளி, விடிவெள்ளி என்றெல்லாம் அதற்குப் பொருள் சொல்வார்கள். அதே இடத்தில் மனிதர் வாழும் பூமியைக் குறிக்க 'நடு உலகம்' என்ற பொருளில் ஒரு சொல்லும் வருகிறது. பின்னாளில் அவருடைய கதையுலகத்துக்கும் அதுவே பெயராயிற்று. எயாரெண்டல் என்ற ஓசை அவரை விடவில்லை. 1914 செப்டம்பரில், முதல் உலகப்போர் தொடங்கிய சில வாரங்களில், சித்தியின் பண்ணையில் தங்கியிருந்தபோது அந்தப் பெயரில் ஒரு கடலோடியை வானத்தில் ஏற்றி ஒரு கவிதை எழுதினார். அப்போது அவருக்கு வயது 22. அரசி, குப்பி, ஃபிரோடோ எதுவும் அப்போது இல்லை.

கவிதையைப் பள்ளி நண்பர் ஜி.பி.ஸ்மித்திடம் காட்டினார். இது உண்மையில் எதைப் பற்றியது என்று நண்பர் கேட்டார். தனக்குத் தெரியாது, கண்டுபிடிக்க முயல்கிறேன் என்றார் டோல்கீன்.

ஸ்மித் அதோடு விட்டுவிட்டார். கவிதையைக் கீழே வைக்கவில்லை, நண்பரை ஊக்கப்படுத்திக்கொண்டே இருந்தார். 1916 டிசம்பரில் பிரான்சில் போர்க்காயத்தால் அவர் இறந்துபோனார், விடை தெரியாமலே. குப்பி வருகிற புத்தகம் 1954இல்தான் வெளிவந்தது. கடலோடியின் கதையைச் சொல்லும் 'சில்மரிலியன்' வந்தது 1977இல், டோல்கீன் இறந்து நான்கு ஆண்டுகள் கழித்து. அவருடைய மகன் தொகுத்து வெளியிட்டார்.

எனக்குப் பிடித்த இடம் ஒன்று உண்டு. எதிரியின் நாட்டு எல்லையில், செங்குத்தான படிக்கட்டில் ஃபிரோடோவும் சாமும் களைத்துப்போய் உட்கார்ந்திருக்கிறார்கள். பழைய கதைகளைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கும் சாமுக்குத் திடீரென்று உறைக்கிறது: அந்தப் பழைய மணியின் ஒளிதானே நம் குப்பியில் இருக்கிறது, அப்படியானால் அந்தக் கதை இன்னும் முடியவில்லை, நாமும் அதற்குள்தான் இருக்கிறோம் என்று. இருபத்திரண்டு வயதில் தெரியாது என்று சொன்னவர், இந்தப் படிக்கட்டில்தான் பாதி விடையாவது கண்டுபிடித்தார் என்று எனக்குத் தோன்றும். அது நாற்பது ஆண்டு வேலை.

நான் எவ்வளவு நேரம் கொடுத்தேன் என்று சொல்கிறேன்.

போன ஆண்டு ஏழாம் வகுப்பில் ஒரு மாணவி இரண்டு பக்கத்துக்குக் கதை எழுதிக்கொண்டு வந்தாள். நான் எழுதச் சொல்லவில்லை, அவளாகவே எழுதியது. பாழுங்கிணற்றுக்குள் ஒரு நட்சத்திரம் இருக்கிறது. பகலில் தூங்குகிறது. ராத்திரி யாராவது எட்டிப் பார்த்தால் அவர்கள் வீட்டுப் பெயரைச் சொல்கிறது. அவ்வளவுதான், முடிவு இல்லை. எழுத்துப்பிழை நிறைய. நான் கேட்டேன், "இதுல என்னம்மா கருத்து சொல்ல வர்ற?" அவள், "தெரியல டீச்சர்" என்றாள். கீழே சிவப்பு மையில் 'கருத்து இல்லை' என்று எழ்தி, ஒற்றுப்பிழைகளையும் வட்டமிட்டுக் கொடுத்தேன். எனக்கு அது அக்கறையாகத்தான் தெரிந்தது. அந்த ஆண்டு முழுக்க அவள் வேறு கதை எதுவும் கொண்டுவரவில்லை. நான் அதைக் கவனிக்கவும் இல்லை.

டோல்கீனைப் பற்றிப் படித்தபோதுதான் அது உறைத்தது. இரண்டு பேரும் சொன்னது ஒரே பதில். ஸ்மித் செய்ததை நான் செய்யவில்லை.

நீதிக்கதை நடத்த வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. நாளைக்கும் நடத்தத்தான் போகிறேன். பிள்ளையே எழுதிக் கொண்டுவருகிற கதையில் முதல் நாளே நீதியைத் தேடுவதைத்தான் சொல்கிறேன். இப்போது நான் வேறு மாதிரி கேட்கிறேன். அந்தக் கிணறு எங்கே இருக்கிறது, அதில் தண்ணீர் உண்டா, நட்சத்திரத்தின் குரல் எப்படி இருக்கும் என்று. பிழைகளைத் தனித்தாளில் குறித்து, இரண்டு நாள் கழித்துக் கொடுக்கிறேன்.

இன்னொரு செய்தி. 2022இல் ஹபிள் தொலைநோக்கியில் தெரிந்த மிகத் தொலைவான ஒரு விண்மீனுக்கு வானியலாளர்கள் அந்தப் பழைய சொல்லையே பெயராக வைத்தார்கள். அதன் ஒளி நம்மை வந்தடைய ஏறத்தாழ 1290 கோடி ஆண்டுகள் ஆகியிருக்கின்றன.

அந்த மாணவி இப்போது எட்டாம் வகுப்பு. போன மாதம் மைதானத்தில் அவளைக் கூப்பிட்டு, அந்தக் கிணற்றுக் கதை இருக்கிறதா என்று கேட்டேன். நோட்டைப் பழைய பேப்பர் கடையில் போட்டாயிற்றாம். "அந்த நட்சத்திரம் எப்படிக் கிணத்துக்குள்ள போச்சு?" என்றேன். கொஞ்ச நேரம் பேசாமல் நின்றாள். "அது விழல டீச்சர். அங்கதான் பொறந்துச்சு" என்றாள்.

எழுதிக்கொண்டு வரச் சொல்லியிருக்கிறேன். இன்னும் வரவில்லை.