சுனைவிளக்கு
(பத்தாம் ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



கவிதையைப் பற்றிப் பேசுமாறு பணித்தார்கள். நான் ஒரு விலங்கைப் பற்றிப் பேசப்போகிறேன். அது உலகில் எங்கும் இல்லை. நம் வட்டத்தின் தொடக்க நாட்களில் ஒரு மாலை நான் படித்த பாட்டில் மட்டுமே அது வாழ்ந்தது. குகைக்குள் ஒரு சுனை, அதன் அடியில் கண்ணில்லாத ஒரு நீருயிர், உடலெங்கும் ஒளி. 'சுனைவிளக்கு' என்று பெயரிட்டிருந்தேன். கைதட்டல் ஓய்ந்ததும், ஓய்வுபெற்ற விலங்கியல் ஆசிரியர் ஒருவர் கடைசி வரிசையிலிருந்து எழுந்து, "பாட்டு நன்று. அந்த ஒளியை யார் பார்க்கிறார்கள்?" என்று கேட்டார். "வாசகர்" என்றேன். அவை சிரித்தது, அவர் சிரிக்கவில்லை. "குகைக்குள் வாசகர் ஏது?" என்று சொல்லி அமர்ந்துவிட்டார்.

அந்தக் கேள்வியோடுதான் இத்தனை ஆண்டுகளும் குடித்தனம் நடத்துகிறேன்.

பதிலைத் தேடிப் போனபோது முதலில் எதிர்ப்பட்டது ஸ்லோவேனியாவின் ஓல்ம். பெருமழை பெய்தால் நிலத்தடி ஆறுகள் இதை வெளியே தள்ளிவிடும். அங்குள்ள மக்கள் இதைப் பறவைநாகத்தின் குஞ்சு என்று நம்பியதை வல்வசோர் 1689-இல் எழுதிவைத்தார். 1768-இல் லாரென்டி அறிவியல் பெயர் சூட்டினார். ஊர்மக்கள் வழங்கும் பெயரோ 'மனித மீன்'. தோலின் நிறம் பார்த்து வைத்த பெயர். சாண் நீளத்திற்குச் சற்றுக் கூடிய உடல். கழுத்தின் இருபுறமும் சிவந்த செவுள் குஞ்சங்கள். பிறந்த சில மாதங்கள் கண் வளர்கிறது. பின்னர் வளர்ச்சி நின்று, தோல் அதை மூடிவிடுகிறது. எழுபது ஆண்டு வாழ்வது இதற்கு இயல்பு. ஆண்டுக்கணக்கில் உண்ணாமலும் இருக்கும். கிழக்கு ஹெர்ஸகோவினாவில் ஒன்று 2,569 நாட்கள் இருந்த இடத்திலேயே இருந்ததாக 2020-இல் வெளியான ஆய்வு கூறுகிறது. ஏழாண்டுக்கும் மேல்! நம்மில் சிலர் ஒரு வரிக்காகக் காத்திருந்ததைவிடச் சற்று அதிகம்.

இவ்வளவு சிக்கனமாக வாழும் உயிர் ஒளியைச் செலவிடுமா? உயிரொளி என்பது ஒரு வேதிப்பொருள் பிராணவாயுவோடு சேர்ந்து எரியாமல் எரிவது. அதற்கும் உணவு வேண்டும். உணவு அரிதான குகை நீரில் கண்ணையே கைவிட்டது விளக்கை வைத்துக்கொள்ளாது. இன்னொன்றும் அறிந்தேன். ஓல்மின் மூடிய கண்ணும் தோலும் வெளிச்சத்தை இன்னும் உணர்கின்றன. உணர்ந்ததும் அது விலகி ஓடுகிறது. என் பாட்டில் சுனைவிளக்கைச் சூழ்ந்து குருட்டு மீன்கள் கூடியிருந்தன. உண்மையில் அவை சிதறி ஓடியிருக்கும். அந்தப் பக்கத்தை அன்றே கிழித்தேன்.

ஆழ்கடலிலும் இருள்தானே, அங்கு உயிர்கள் ஒளிர்கின்றனவே என்பீர்கள். அங்கே கண்களும் உண்டு. இரையின் கண், பகையின் கண், துணையின் கண்.

நியூசிலாந்தின் வைடோமோ குகைக்குப் போனால் ஒளி இருக்கிறது. ஆனால் நீருக்குள் இல்லை, கூரையில். ஒரு வகைச் சிறு பூச்சியின் புழுக்கள் பசைத்துளி கோத்த இழைகளைத் தொங்கவிட்டு ஒளிர்கின்றன. கீழே ஓடும் ஆற்றில் பிறந்த கொசு போன்ற பூச்சிகள், இரவு வானம் என்று நம்பி மேலே பறந்து சிக்குகின்றன. அதே நாட்டின் ஓடைகளில் லேட்டியா என்றொரு நன்னீர் நத்தையினம் உண்டு. தொந்தரவு செய்தால் பச்சையாய் ஒளிரும் கோழையைக் கக்கும். பகை அந்த ஒளியின் பின்னே போகும், இது தப்பிக்கும். இரண்டு இடத்திலும் ஏமாறுவதற்கு ஒரு கண் இருக்கிறது.

ஆகவே சுனைவிளக்கை இடம் பெயர்த்தேன். இப்போது அது குகையின் அடிவயிற்றில் இல்லை. வாயிலிலிருந்து கூப்பிடு தூரத்தில், வெளியிலிருந்து பூச்சிகள் வந்து முட்டையிடும் சுனையில் வாழ்கிறது. உடலெங்கும் இருந்த ஒளியை அணைத்துவிட்டேன். பிராணவாயு புகும் செவுள் குஞ்சங்களில் மட்டும் ஒளி. பசித்தால் கூடும், உண்டால் மங்கும். இளமையில் கண் உண்டு, விளக்கும் உண்டு. வயது ஏற ஏற உட்புறம் நகர்கிறது. முதலில் கண் போகிறது. பார்க்க வரும் பூச்சியும் இல்லாத ஆழத்தில் விளக்கும் போகிறது. அதன்பின் அறுபது ஆண்டுகள் அது இருட்டில் சும்மா இருக்கிறது.

அந்த அறுபது ஆண்டுகளைத்தான் இன்னும் எழுத முடியவில்லை. விளக்கோடு இருந்த சில ஆண்டுகளுக்கு நாற்பது வரிகள் கிடைத்தன. மீதிக்கு இரண்டு வரிகள், அவற்றிலும் ஒன்று சரியில்லை. இருப்பதைப் படிக்கிறேன். ஐயா அவர்கள் இன்று முன்வரிசையில் அமர்ந்திருக்கிறார். நான் தொடங்கும் முன்பே கையை உயர்த்திவிட்டார். முதலில் அவர் கேட்கட்டும்.